அறுபத்தொன்றாம் பக்கத்தின் பின்புறம்

டெல்லி ஐ.என்.ஏ. மார்க்கெட்டில் முருங்கைக்காய் பொறுக்கிக்கொண்டிருந்தபோதுதான் அந்த அப்பீல் தள்ளுபடியானதைப் பார்த்தேன். எனக்குக் கை சும்மா இருக்காது. கோர்ட்டின் இணையதளத்தில் கேஸின் டைரி எண்ணைப் போட்டுப் போட்டுப் பார்ப்பது என் வியாதி. மெட்ரோவில் பார்ப்பேன், லிஃப்டில் பார்ப்பேன், அடுப்பில் பால் பொங்கிக்கொண்டிருக்கும்போதும் பார்ப்பேன். அன்றைக்கு ஒரு கையில் முருங்கைக்காய், இன்னொரு கையில் போன். குறைகள் நீக்கப்படவில்லை, மேல்முறையீடு தள்ளுபடி என்று இங்கிலீஷில் ஒரே ஒரு வரி இருந்தது. கடைக்காரர் எத்தனை வேண்டும் என்று கேட்டார். காயை அப்படியே போட்டுவிட்டு நடந்தேன். எங்கே போகிறேன் என்றே தெரியாமல் மீன் கடைகளைச் சுற்றிக்கொண்டு மறுபடி அதே கடை முன்னால் வந்து நின்றேன்.

நான் வக்கீல் குமாஸ்தா. டெல்லியில் பெரிய கோர்ட்டில் வழக்குப் போடும் ஒரு பெண் வக்கீலிடம் பதினோரு வருடமாக வேலை. அவரை மேடம் என்றுதான் கூப்பிடுவோம். பஞ்சாபிக்காரர். தமிழில் 'சாப்டாச்சா' தவிர ஒரு வார்த்தை தெரியாது. ஆனாலும் தமிழ்நாட்டு ஊர் வக்கீல்கள் பலர் எங்கள் ஆபீசுக்குத்தான் கேஸ் அனுப்புவார்கள். காரணம் நான். "அங்க நம்ம ஊர்ப் பொண்ணு ஒண்ணு இருக்கு, எல்லாம் பாத்துக்கும்" என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்வார்களாம். அதைக் கேட்டு எனக்கு உள்ளுக்குள் குளிர்ந்து போகும்.

அந்தப் பொண்ணுக்குத் தமிழ் படிக்க வராது என்பது யாருக்கும் தெரியாது.

பொய் சொல்லவில்லை. கிட்வாய் நகர் பழைய குவார்ட்டர்ஸில் பிறந்து வளர்ந்தவள் நான். அப்பா மத்திய சர்க்கார் ஆபீசில் கிளார்க். ஸ்கூலில் ஹிந்தி, இங்கிலீஷ், சமஸ்கிருதம். தமிழ் வீட்டுப் பேச்சு, அவ்வளவுதான். காலண்டரைக் காட்டி அம்மா எழுத்து சொல்லிக்கொடுத்தாள். அதை வைத்துக் கடை போர்டு படிப்பேன், கல்யாணப் பத்திரிகையைத் தத்தித் தத்திப் படிப்பேன். கையெழுத்துப் பிரதி என்றால் கண்ணைக் கட்டிக் காட்டில் விட்ட கதைதான். தமிழ்ப் பத்திரங்கள் வந்தால் எந்தெந்தப் பக்கம் என்று குறித்து, மொழிபெயர்க்கும் ஒரு பெரியவருக்கு அனுப்பிவிடுவேன். அவர் டைப் அடித்து, கையெழுத்துப் போட்டுத் திருப்பி அனுப்புவார். பக்கம் குறிப்பது மட்டும் என் வேலை. அதற்குப் படிக்கத் தெரிய வேண்டாம், இது தமிழா இல்லையா என்று தெரிந்தால் போதும் என்று நினைத்திருந்தேன்.

அந்த அப்பீல் தென்காசிப் பக்கத்து ஒரு அக்காவுடையது. என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவர், புருஷன் இல்லை, பீடி சுற்றுகிறார். அவருடைய வீடு உள்ளே இருக்கிறது. முன்னால் கொழுந்தன் வீடு. இரண்டுக்கும் நடுவில் தெருவுக்குப் போக ஒரு சந்து. குடும்பச் சொத்தைப் பிரித்துக்கொண்ட பழைய பத்திரத்தில் அந்தச் சந்து பொதுவழி என்று இருக்கிறது என்பார் அக்கா. அது உனக்கில்லை என்பான் கொழுந்தன். கீழ்க் கோர்ட்டில் அக்கா ஜெயித்தார், மேலே தோற்றார், டெல்லிக்கு வந்தார். அந்தச் சந்தை அடைத்துவிட்டால் வாய்க்கால் கரையைச் சுற்றிக்கொண்டுதான் அவர் வெளியே வர முடியும். கேஸ் மொத்தமும் இதுதான்.

டெல்லியில் காகிதத்தைக் கொடுத்ததும் தற்காலிகமாக ஒரு டைரி எண்தான் கிடைக்கும், கேஸுக்கு நம்பர் விழுந்துவிடாது. பதிவுப் பிரிவில் ஒவ்வொரு பக்கமாகப் பார்ப்பார்கள். மங்கலாக இருக்கிறது, ஓரம் விடவில்லை, வக்காலத்தில் தேதி இல்லை, தமிழுக்கு இங்கிலீஷ் இல்லை என்று ஒரு குறைப் பட்டியல் வரும். குறித்த நாளுக்குள் எல்லாவற்றையும் சரி செய்தால்தான் நம்பர். இல்லையென்றால் அப்படிக் கிடக்கும் கேஸ்களையெல்லாம் ஒரு நாள் மொத்தமாகப் பட்டியலில் போட்டுத் தள்ளிவிடுவார்கள். யார் பக்கம் நியாயம் என்ற பேச்சே வராது. கேஸ் வாசலைத் தாண்டினால்தானே?

அக்கா கேஸில் எட்டுக் குறை. அக்கா வாரம் தவறாமல் போன் செய்வார்.

"எம்மா, நம்பர் ஆயிட்டா?"

"ஆயிடும்க்கா. ஜல்தியா பண்ணிடறேன்."

"கொழுந்தன் செங்கல் எறக்கிப் போட்டிருக்கான். டெல்லில கேஸ் கெடக்குன்னுதான் கைய வைக்காம இருக்கான். நம்பர் ஆயிட்டுன்னா அவன் வாய அடச்சிரலாம்லா."

ஏழு குறைகளை ஓடி ஓடிச் சரி செய்தேன். எட்டாவது, அறுபத்தொன்றாம் பக்கத்தின் பின்புறம். பழைய பத்திரத்தின் கடைசித் தாள் அது. முன்பக்க அடியில் முதல் சாட்சியின் பெயரும் விலாசமும் இருந்தன, அதை மொழிபெயர்த்தாகிவிட்டது. திருப்பினால் மற்ற மூன்று சாட்சிகளின் கையெழுத்துகள். ஒவ்வொன்றின் பக்கத்திலும் ௸ என்று ஒரே மாதிரியான ஒரு கிறுக்கல். அம்மாவின் காலண்டரில் அப்படி ஓர் எழுத்தை நான் பார்த்ததே இல்லை. சாட்சிகள் பேரைச் சுருக்கிப் போட்ட சின்னக் கையெழுத்தாக இருக்கும் என்று முடிவு கட்டினேன். கையெழுத்தை யாராவது மொழிபெயர்ப்பார்களா? பக்கத்தைக் குறிக்காமல் விட்டேன்.

கவுன்டரில் இருந்தவர் பிஹார்க்காரர், பொறுமைசாலி. அந்தக் கிறுக்கலின் மேல் விரலை வைத்து, இது என்ன என்று கேட்டார்: "யே க்யா ஹை, மேடம்ஜி?"

"சைன் ஹை, பையா." கையெழுத்து என்றேன்.

அவர் குனிந்து பார்த்தார். "தீனோ கா ஏக் ஜைசா?"

மூன்று பேருக்கும் ஒரே மாதிரியா என்று கேட்கிறார். தமிழில் ஒரு எழுத்துத் தெரியாத மனுஷன் அதைக் கண்டுபிடித்துவிட்டார். எனக்கு அப்போதே உறைத்திருக்க வேண்டும். உறைக்கவில்லை, மூக்கு மேல் கோபம்தான் வந்தது. "எங்க மெட்ராஸ்ல அப்படித்தான் போடுவாங்க" என்று ஹிந்தியில் எகிறினேன். அவர் பேனாவை நீட்டினார். அப்படியென்றால் எழுதிக் கொடுங்கள், மேலே அனுப்புகிறேன், ஏற்றுக்கொள்வார்களா தெரியாது என்றார். அந்தப் பக்கத்தில் மொழிபெயர்க்க ஒன்றும் இல்லை, வெறும் கையெழுத்துகளே என்று எழுதி, என் பெயரையும் போட்டுக் கொடுத்துவிட்டு வெளியே வந்து டீ குடித்தேன்.

சாயங்காலம் போனில் இருக்கும் மொழிபெயர்ப்பு ஆப்பை அந்தக் கிறுக்கலுக்கு நேராகப் பிடித்துப் பார்த்தேன். ஒரு தடவை 'மழை' என்றது, ஒரு தடவை 'அத்தை' என்றது. அதைப் பெரியவருக்கு ஒரு படம் எடுத்து அனுப்பியிருக்கலாம். அரை நிமிட வேலை. ஆனால் அவர் ஒரு தடவை, "என்னம்மா, தமிழ்ப் பொண்ணு, இதுகூடத் தெரியலையா?" என்று விளையாட்டாகக் கேட்டிருந்தார். அது எனக்குள் முள்ளாகக் கிடந்தது. ஊர் வக்கீலிடம் கேட்கலாம் என்றால் 'எல்லாம் பாத்துக்கும்' என்ற பேர் போய்விடும். அனுப்பவில்லை. இணையதளத்தில் குறை நீங்கவில்லை என்றே காட்டிக்கொண்டிருந்தது. நான் அதைத் திறப்பதும் மூடுவதுமாக இருந்தேன். மேடம் கேட்டபோது, "ஹோ கயா மேடம்" என்றேன்; முடிந்துவிட்டது, அவர்கள்தான் இன்னும் இணையதளத்தில் ஏற்றவில்லை என்று சொன்னேன். நாள் கடந்தது. பட்டியலில் வந்தது. முருங்கைக்காய்க் கடையில் முடிந்தது.

அக்காவிடம் போனில் சொன்னேன். "எதுக்குத் தள்ளுனாவ?" என்று கேட்டார். ஏதோ சின்ன டெக்னிக்கல் விஷயம், திரும்ப எடுக்கச் சொல்லி மனு போடலாம், நீங்கள் ஒரு அஃபிடவிட்டில் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதும் என்று வேக வேகமாகச் சொன்னேன்.

"அனுப்ப மாட்டேன். நானே வாறேன்" என்றார்.

"எதுக்குக்கா இவ்வளவு தூரம்? அங்கயே நோட்டரிகிட்ட..."

"என் வழி எப்படிப் போச்சுன்னு நான் பாக்கண்டாமா?"

மூன்றாம் நாள் ரயிலில் வந்து இறங்கினார். ஒல்லியான உடம்பு, ஒரு துணிப்பை, கழுத்தில் மூக்குக் கண்ணாடி தொங்கியது. அவரை எங்கே தங்க வைப்பது? சாணக்யபுரியில் தமிழ்நாட்டு சர்க்கார் விருந்தினர் இல்லம் இருக்கிறதாமே என்று கேட்டார். அதற்கெல்லாம் கடிதம் வேண்டும். கிட்வாய் நகரில் இருக்கும் எங்கள் குவார்ட்டருக்கே கூட்டி வந்தேன். என் வீட்டுக்காரரும் சர்க்கார் வேலைதான். பதினான்காவது மாடி. அக்கா ஜன்னல் வழியாகக் கீழே பார்த்துவிட்டு, "இங்கேயிருந்து தெருவுக்குப் போக உங்களுக்கு ஒரே வழிதானா?" என்று கேட்டார். லிஃப்ட் இரண்டு என்றேன்.

சாப்பிட்டதும் மேஜையில் அஃபிடவிட்டை வைத்தேன். மேடம் எழுதித் தந்தது. இங்கிலீஷ். எந்த ஆபீசிலும் இப்படிப்பட்ட மனுவுக்கு ஒரு தயார் வாசகம் உண்டு. பேரை மாற்றிப் போட்டால் போதும். நானே நூறு தடவை டைப் அடித்திருக்கிறேன். ஒரு நாள்கூட அதை நின்று படித்ததில்லை.

"இதுல என்ன எழுதியிருக்கு?" என்றார் அக்கா.

"லேட் ஆயிடுச்சு, மன்னிச்சுக்கோங்கன்னு எழுதியிருக்கு."

அக்கா கண்ணாடியை மாட்டிக்கொண்டு தாளின் மேலிருந்து கீழ்வரை விரலை ஓட்டினார். "இம்புட்டு எழுதியிருக்கு. நீ இம்புட்டுதான் சொல்லுத. ஒவ்வொரு வரியா வாசி, எம்மா."

தாளை என் பக்கம் இழுத்துக்கொண்டேன். வாசித்தேன். வேறு வழி இல்லை, வாசித்துத் தமிழில் சொன்னேன். மனுதாரர் ஒரு கிராமத்துப் பெண். படிப்பறிவு இல்லாதவர். கேட்ட காகிதங்களை உரிய நேரத்தில் டெல்லிக்கு அனுப்பத் தவறிவிட்டார். அதனால் குறைகளைச் சரி செய்ய முடியவில்லை. மனுதாரரின் இந்த அறியாமையை மன்னித்து...

"நில்லு" என்றார் அக்கா. "யாருக்குப் படிப்பறிவு இல்ல?"

நான் தாளை மடிக்கப் போனேன்.

"எங்க ஊர்ல நாங்க பத்துப் பேரு உக்காந்து பீடி சுத்துவோம். எட்டாங் கிளாசு வர படிச்சவ நான் ஒருத்திதான். தெனமும் பேப்பர வாசிச்சுச் சொல்லுதது நாந்தான். எனக்கா படிப்பறிவு இல்ல? என்ன காயிதம் கேட்டு நான் அனுப்பல? நீ கேட்டியா?"

"கேக்கல."

"பெறவு என்னத்துல தள்ளுனாவ? அந்தப் பேப்பர எடு."

எடுத்தேன். அறுபத்தொன்றாம் பக்கத்தைத் திருப்பி வைத்தேன். இந்த மூன்று கையெழுத்துக்காகத்தான் என்றேன்.

அக்கா ஒரு பார்வை பார்த்தார். அவ்வளவுதான், ஒரே பார்வை. விரலை வைத்து, பேப்பர் வாசிப்பவர் குரலில் வாசித்தார்.

"மேற்படி. மேற்படி. மேற்படி."

"என்னக்கா?"

"மேற்படில்லா இது. முதச் சாட்சிக்கு என்ன தெரு, என்ன ஊரோ, அதேதான் இவங்களுக்கும். திரும்பத் திரும்ப எழுதாண்டாம்னு இப்பிடிச் சுழிச்சு வைப்பாவ. பழைய பத்திரம் பூராவும் கெடக்குமே. ஒனக்குத் தெரியாதா?"

என் முகத்தில் ஈயாடவில்லை. மூன்று பேரும் ஒரே மாதிரிக் கையெழுத்துப் போடுவது எங்கள் மெட்ராஸ் வழக்கம் என்று எழுதிக் கொடுக்காத குறையாகக் கவுன்டரில் கத்திவிட்டு வந்தவள் நான். அது கையெழுத்தே இல்லை. ஒரு வார்த்தை. வீட்டில் நான் தினமும் சொல்கிற வார்த்தை. 'மேற்படி ஆள் வந்தாரா' என்று என் வீட்டுக்காரரைக் கிண்டல் செய்யும்போதுகூட வாயில் வருகிற வார்த்தை. அழுகை வந்தது. அழுதுகொண்டே சொன்னேன்.

"எனக்குத் தமிழ் படிக்க வராதுக்கா. அச்சடிச்சது கொஞ்சம் வரும். கையெழுத்து வராது. யார்கிட்டயும் சொன்னதில்ல."

அக்கா என்னைத் தேற்றவில்லை. எழுந்து போய்த் தன் டம்ளரைக் கழுவினார். ஏற்கெனவே கழுவியிருந்த டம்ளர் அது. முதுகைக் காட்டிக்கொண்டே பேசினார்.

"வாரா வாரம் போன் போட்டேன்லா. ஒரு வாட்டி, ஒரே ஒரு வாட்டி, அக்கா இப்பிடி ஒரு சுழி கெடக்கு, என்னதுன்னு கேட்டிருந்தா நான் போன்லயே சொல்லியிருப்பேன். ஒனக்கு வெக்கம். ஒன் வெக்கத்துக்கு என் வழியா கெடச்சுது?"

அறுபத்தொன்றாம் பக்கத்தைத் திருப்பி மற்ற தாள்களோடு சேர்த்து வைத்தேன்.

அஃபிடவிட்டில் அவர் கையெழுத்துப் போடவில்லை. "நான் லேட்டாக்கல. லேட்டாக்குனேன்னு போட மாட்டேன். வழி போனா போவட்டும்" என்று சொல்லிவிட்டார். மறுநாள் ஆபீசில் மேடத்திடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தார். பதினோரு வருடம் தன்னிடம் தமிழ்க் கேஸ் பார்த்தவளுக்குத் தமிழ் தெரியாது என்பதை மென்று விழுங்க அவருக்கும் நேரம் வேண்டியிருந்தது. தப்பு என்னுடையது, நானே அஃபிடவிட் போடுகிறேன் என்றேன்.

"பாகல் ஹோ க்யா?" என்றார், உனக்கென்ன பைத்தியமா என்று. இதைப் படித்த பிறகு எந்தத் தமிழ் வக்கீல் நமக்குக் கேஸ் அனுப்புவான், உனக்கு உடம்பு சரியில்லை என்று போட்டுவிடலாமே என்றார். அதுவும் ஒரு தயார் வாசகம்தான். வேண்டாம் என்றேன். எனக்கு வேலை போய்விடும் என்ற பயம் நிறைய இருந்தது. ஆனால் கழுவிய டம்ளரைத் திரும்பக் கழுவிய அந்த முதுகு அதைவிடப் பெரிதாக நின்றது. மேடம் கெட்டவர் இல்லை. ஒரு மணி நேரம் சிடுசிடுவென்று இருந்துவிட்டு அவரே டிக்டேட் செய்தார். எனக்குத் தமிழ் எழுத்து சரியாகப் படிக்க வராது; சொல்லைக் கையெழுத்து என்று தவறாக எண்ணினேன்; மனுதாரர்மேல் எந்தத் தவறும் இல்லை. மூன்று வரி. என் பெயரைப் போட்டேன். அக்காவுக்கு ஒவ்வொரு வரியாகச் சொன்னேன். அவர் தலையை மட்டும் ஆட்டிவிட்டு அன்று சாயங்காலம் ரயில் ஏறினார். ஸ்டேஷனில் வழிக்கு நான் கட்டிக் கொடுத்த புளியோதரையை மட்டும் வாங்கிக்கொண்டார்.

மனு விசாரணைக்கு வர ஒன்றரை மாதம் ஆனது. அந்த நாட்களில் நான் எங்கேயும் ஒரு இடத்தில் உட்கார்ந்ததாக ஞாபகம் இல்லை. அன்றைக்கு கோர்ட்டில் ஒன்றரை நிமிடம்தான். நீதிபதி என் அஃபிடவிட்டைப் படித்தார், அறுபத்தொன்றாம் பக்கத்தைத் திருப்பிப் பார்த்தார், கேஸைத் திரும்ப எடுத்துக்கொள்ள உத்தரவு போட்டார், குறையைச் சரி செய்ய இரண்டு வாரம் கொடுத்தார். நான் இரண்டு மணி நேரத்தில் செய்தேன். பெரியவர் மொழிபெயர்த்துக் கொடுத்த தாளில் முன்பக்கத்து விலாசத்துக்குக் கீழே இங்கிலீஷில் மூன்று வரி: மேலே சொன்னபடி, மேலே சொன்னபடி, மேலே சொன்னபடி. கவுன்டரில் அதே பிஹார்க்காரர். படித்துவிட்டு மீசைக்குள் சிரித்தார். "தீனோ கா ஏக் ஜைசா" என்றார். நானும் சிரித்து வைத்தேன். நாலாம் நாள் நம்பர் விழுந்தது.

நம்பரைப் பார்த்ததும் லிஃப்டில் நின்றபடியே அக்காவுக்குப் போன் செய்தேன்.

"அக்கா! நம்பர் ஆயிடுச்சு!"

"அப்பிடியா" என்றார். குரலில் ஒன்றுமில்லை.

"என்னக்கா?"

"சொவரு எழும்பிட்டு, எம்மா. டெல்லில தள்ளியாச்சுன்னு தாள எடுத்துட்டு வந்து ஊர் பூரா காட்டுனான். ஒரே வாரத்துல கட்டி, பூசியும் முடிச்சுட்டான். இனி கேஸு முடிஞ்சாத்தான் இடிக்கச் சொல்ல முடியும்னு வக்கீலு சொல்லுதாவ. பீடி இலைக்கட்டத் தலையில வச்சுக்கிட்டு வாய்க்கால் கரையச் சுத்தித்தான் போய்ட்டு வாறேன்."

கேஸ் இன்னும் நடக்கிறது. டெல்லியில் ஒரு சிவில் அப்பீல் முடிவதற்கு எவ்வளவு நாளாகும் என்று என்னைக் கேட்காதீர்கள். என் வேலை போகவில்லை. கேஸ் அனுப்பிக்கொண்டிருந்த ஊர் வக்கீல்களில் இரண்டு பேர் நிறுத்திவிட்டார்கள், மற்றவர்கள் அனுப்புகிறார்கள். நான் தமிழ் படித்தேன். நாற்பத்து மூன்று வயதில், ஆபீஸ் மேஜையில், பழைய பத்திரங்களை வைத்துக்கொண்டே படித்தேன். இதையும் என் கையாலேயே எழுதுகிறேன். சந்திப்பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இப்போது அக்கா எனக்குப் போன் செய்வதில்லை. நான்தான் வாரம் தவறாமல் செய்கிறேன். பட்டியலில் வரவில்லை என்று சொல்லிவிட்டு, கேட்காமல் இருக்க முடியாமல் ஒவ்வொரு தடவையும் கேட்கிறேன்: "இன்னைக்கு எந்த வழியாக்கா போனீங்க?"

போன வாரமும் கேட்டேன்.

"மேற்படிதான்" என்றார்.